தறியில் ஏறிய பாகவதம்

அன்புள்ள சண்முகம்,

உன் கடிதம் வந்தது. அண்ணன் மறுபடியும் தறியில் உட்காருகிறார் என்று படித்ததும் மனம் நிறைந்தது. கண்புரை முற்றும்வரை வைத்தியரிடம் போகாமல் பிடிவாதம் பிடித்தவர், இப்போது பேரன் போட்ட பார்டரில் குற்றம் கண்டுபிடிக்கிறாராமே! நல்லது, நடக்கட்டும்.

மருமகனுக்குக் குவாஹாட்டிக்கு மாற்றலானதால் இந்தக் குளிரை நான் அஸ்ஸாமில் கழித்தேன். மகளோடு பார்பேட்டா சத்ராவுக்குப் போயிருந்தேன். சத்ரா என்றால் அங்கே வைணவ மடம். அங்குள்ள கீர்த்தன மண்டபத்துக்குள் பெண்களை விடுவதில்லை. எல்லாருக்கும் நாமம் சொல்லும் உரிமை உண்டு என்று பாடிய அஸ்ஸாமிய வைணவ மகான் சங்கரதேவரின் வழியில் வந்த இடத்தில், என் மகள் வாசலில் நின்றாள். அவளுக்கு வந்த கோபம் எனக்கும் வந்தது.

போன காரணம் வேறு. சங்கரதேவர் நெய்வித்த துணியின் கதையை நேரில் கேட்க ஆசை. 1449இல் பிறந்து 1568இல் மறைந்தவர் என்று அங்கே கணக்குச் சொல்கிறார்கள். கூட்டிப் பார்த்தால் 119 வயது! கவிஞர், நாடகாசிரியர், சமஸ்கிருதப் பண்டிதர். இளமையில் சிஹ்ன யாத்திரை என்ற நாடகத்துக்காக ஏழு வைகுண்டங்களைத் தாமே படமாக எழுதினாராம். பாதரசம் கலந்த சாதிலிங்கத்தில் சிவப்பு, பாஷாண வகையான அரிதாரத்தில் மஞ்சள். பாதரசமும் பாஷாணமும் கையாண்டவரை நம் ஊரில் விட்டிருப்பார்களா? சித்தர் வரிசையில் சேர்த்து, கூடு விட்டுக் கூடு பாய வைத்திருப்பார்கள்.

கோச் நாட்டு இளவரசர் சிலாராய், கண்ணனின் பிருந்தாவன லீலைகளைத் துணியில் பார்க்க வேண்டும் என்று கேட்டார். சங்கரதேவர் பார்பேட்டாவின் தாந்திகுச்சி நெசவாளர்களிடம் வேலையைக் கொடுத்து, நூலின் நிறம்வரை தாமே தேர்ந்து, தறிப்பக்கம் போய் மேற்பார்த்தார் என்கின்றன அவர் சரித்திர நூல்கள். நெசவாளர்களுக்குத் தலைவர் மதுராதாசர். துணியின் அளவு 120 முழ நீளம், 60 முழ அகலமாம். சிரிக்காதே. 60 முழ அகலத்துக்குத் தறி ஏது என்றுதான் நீ முதலில் கேட்பாய். துண்டு துண்டாக நெய்து இணைத்திருக்க வேண்டும். இல்லையென்றால் பக்தியில் முழக்கோல் நீண்டிருக்க வேண்டும்.

அந்தத் துணி இன்று இல்லை. லண்டன் பிரிட்டிஷ் மியூசியத்தில் பிருந்தாவனி வஸ்திரம் என்ற பெயரில் இருப்பது சுமார் 1680இல் நெய்தது. பன்னிரண்டு பட்டைகளைத் தைத்து இணைத்தது. ஒன்பது மீட்டருக்கு மேல் நீளம். காளியன் தலையில் கண்ணன் ஆடுகிறான், கொக்காக வந்த பகாசுரனின் அலகைப் பிளக்கிறான், காட்டுத் தீயை விழுங்குகிறான். சங்கரதேவரின் காளிய தமன நாடக வரிகளையும் எழுத்தெழுத்தாக நெய்திருக்கிறார்கள். எப்படியோ அது திபெத்துக்குப் போய், ஒரு பௌத்த மடத்தில் திரைச்சீலையாகத் தொங்கியிருக்கிறது. உச்சியில் சீனப் பட்டுத் துணியை ஒட்டுப்போட்டுக்கொண்டார்கள். 1903–04இல் பிரிட்டிஷ் படை திபெத்துக்குள் நுழைந்தபோது கூடப் போன பத்திரிகையாளர் பெர்சிவல் லேண்டன் அதை எடுத்து வந்தார். 1905இல் மியூசியம் சேர்ந்தது.

"அப்படியானால் அவர் கை பட்ட துணி இல்லையா?" என்று மகள் ஏமாந்து போனாள். எனக்கோ அதுதான் பெரிய செய்தியாகப் படுகிறது. மகான் ஒருவர் ஒரே ஒரு அதிசயத் துணியைச் செய்துவிட்டுப் போயிருந்தால் அது கதையோடு முடிந்திருக்கும். அவர் மறைந்து நூறு ஆண்டுக்குப் பிறகும் அதே காட்சிகளை, அதே எழுத்துகளை, பெயர் தெரியாத யாரோ தறியில் எடுத்துக்கொண்டிருந்தார்கள். இதே வகைத் துண்டுகள் பாரிஸ் முதலான ஊர்களின் மியூசியங்களிலும் இருக்கின்றன. இந்தக் காட்சிகளுக்கு மூலமான பாகவதமே தென்னாட்டில் பிறந்த நூல் என்று பல அறிஞர்கள் சொல்கிறார்கள். தாமிரபரணியும் காவிரியும் அதில் பெயரோடு வருகின்றன. அந்த நூல் பிரம்மபுத்திரா கரையில் பட்டாகியிருக்கிறது.

நெசவு விஷயத்துக்கு வருகிறேன். இந்தத் துணியின் நெசவை லம்பாஸ் என்பார்கள். பாவு இரண்டு, ஊடை இரண்டு. ஒரு ஜோடி துணியின் அடித்தளத்தைப் பிடிக்கும், மற்றது உருவத்தைப் பிடிக்கும். நெய்பவர் ஒருவர், உருவத்துக்கான நூல்களைத் தூக்கிக் கொடுப்பவர் ஒருவர். இந்த வகை நெசவு அஸ்ஸாமில் அற்றுப்போய்விட்டது. துணி பிழைத்தது, கை போய்விட்டது. எனக்கு அதில்தான் வருத்தம். துணியைச் சில காலத்துக்காவது ஊருக்குக் கொண்டுவர அஸ்ஸாம் அரசு முயல்கிறது. வரட்டும், ஆனால் கண்ணாடிக்குப் பின்னால்தான் வரும்.

உங்கள் வீட்டில் உருவ நூலைத் தானே தூக்கும் ஜக்கார்டு கருவி வருவதற்கு முன், அந்த நூல்களைக் கையால் இழுக்கும்படி அடை கட்டி நெய்தார்கள் அல்லவா? மேலே நூல் இழுக்கச் சின்ன வயதில் அண்ணனை உட்கார வைத்ததாக உன் அம்மா சொல்வார்கள். எழுத்து நெய்யும்போது எந்த நூலைத் தூக்குவது என்பதை எப்படி நினைவில் வைப்பார்கள், பாட்டாகச் சொல்வார்களா, முடிச்சுப் போட்டுக் குறிப்பார்களா? அண்ணனிடம் கேட்டு விவரமாக எழுது. பார்பேட்டாவில் யாராலும் எனக்குச் சொல்ல முடியவில்லை.

வீட்டில் அனைவருக்கும் என் அன்பு.

உன்,
ராமநாதன்