கடற்கோட்டைக்குத் துணைக்கோட்டையும் உண்டு

ஆசிரியருக்கு,

வடக்கின் சுற்றுலா இடங்கள் பற்றித் தங்கள் ஞாயிறு இதழில் வந்த கட்டுரை, காரைநகருக்கும் ஊர்காவற்றுறைக்கும் நடுவே கடலில் நிற்கும் ஹம்மன்ஹீல் கோட்டையை, அதாவது கடற்கோட்டையை, அழகான விடுதி என்பதோடு முடித்துவிட்டது. விடுதி சரி, ஆனால் அது யாழ்ப்பாணத்துக் கடல்வாசலின் காவல் அல்லவா? போர்த்துக்கேயர் கட்டிய அக்கோட்டை, ஒல்லாந்தரின் முற்றுகையில் குடிதண்ணீர் இல்லாமல்தான் 1658 இல் சரணடைந்தது. சுற்றிலும் கடல், குடிக்க ஒரு வாய் தண்ணீர் இல்லை! அதன் பிறகே யாழ்ப்பாணக் கோட்டையும் வீழ்ந்தது. பிற்காலத்தில் சிறையாகவும் இருந்த இடம் அது.

எதிரே ஊர்காவற்றுறைக் கரையில் இன்னொரு போர்த்துக்கேயக் கோட்டை இடிந்து கிடப்பதைக் கட்டுரை சொல்லவே இல்லை. கொழும்பிலிருந்து பிள்ளைகளோடு அங்கே போயிருந்தேன். முருகைக்கல் சுவரைப் பிளந்துகொண்டு வேர்கள் இறங்கியிருந்தன, விளக்கப் பலகை எதுவும் கண்ணில் படவில்லை. வந்தவர்கள் கடற்கோட்டையைப் பின்னணியாக வைத்துப் படமெடுத்துவிட்டுத் திரும்பினார்கள். தொல்லியல் திணைக்களம் இரு கோட்டைகளின் கதையையும் ஒன்றாகச் சொல்லும் மும்மொழிப் பலகை ஒன்றை இறங்குதுறையில் வைக்கட்டும். சுவரில் வளரும் மரங்களை அகற்றும் வேலையை அடுத்த மாரிக்கு முன் தொடங்குவது நல்லது.

வாசகர் ஒருவர்,
வெள்ளவத்தை, கொழும்பு