கிராமத்து மெதடிஸ்த ஆலயத்தின் பழைய பதிவேடுகளைப் பிரதியெடுக்க உதவி கோரும் மனு

பெறுநர்:
மாவட்டச் செயலாளர் அவர்கள்,
மாவட்டச் செயலகம், மட்டக்களப்பு.

மதிப்பிற்குரிய ஐயா,

எங்கள் ஆலயத்தின் பின்னறை அலுமாரியில் ஞானஸ்நானம், விவாகம், அடக்கம் பதிந்த பழைய பதிவேடுகள் ஒன்பது இருக்கின்றன. நான்கில் கறையான் ஏறிவிட்டது. மிச்சமும் போவதற்குள் தேசிய சுவடிகள் காப்பகத்து அலுவலர்கள் ஒருமுறை வந்து பார்த்து அவற்றைப் பிரதியெடுக்கத் தாங்கள் ஏற்பாடு செய்து தரவேண்டும். கோரிக்கை இவ்வளவுதான். காரணத்தை மட்டும் கொஞ்சம் விரித்துச் சொல்கிறோம்.

1814 ஜூன் 29இல் வெஸ்லியன் (மெதடிஸ்த) மிஷனரிமார் காலியில் வந்திறங்கினார்கள். அவர்களைக் கூட்டி வந்த தோமஸ் கோக் வழியில் கப்பலிலேயே இறந்துபோனார். அந்த மிஷனரிமாரில் லிஞ்சும் ஸ்குவான்சும் யாழ்ப்பாணம் போக, வில்லியம் ஓல்ட் தனியாளாக மட்டக்களப்புக்கு வந்தார். தமிழ் படித்தார், பள்ளிக்கூடங்கள் திறந்தார், 1815 ஏப்ரலில் கண்ணை மூடினார். வந்து ஒரு வருடம்கூட ஆகவில்லை. அவர் பெயர் நகரத்தில் எல்லோருக்கும் தெரியும். ஆனால் பின்னாளில் தோணியேறி எங்கள் ஊருக்கு வந்த உபதேசியாரையும், ஒரே ஓலைக்கொட்டிலில் கிழமை நாளில் பள்ளியும் ஞாயிறில் ஆராதனையும் நடத்திய வாத்தியாரையும் யாருக்குத் தெரியும்? அவர்கள் இருப்பது இந்தப் பதிவேடுகளில் மட்டும்தான். பிள்ளையின் பெயருக்கு எதிரே தகப்பனின் தொழிலும் எழுதியிருக்கிறது: தோணிக்காரர், வண்டிக்காரர், வயற்காரர். ஊரில் அன்று யார் என்ன செய்து பிழைத்தார்கள் என்று அறிய எங்களுக்கு வேறு ஏடு கிடையாது.

1978 நவம்பர் சூறாவளியில் ஆலயத்தின் கூரை போனது. நனைந்த ஏடுகளை மூத்தவர்கள் ஒவ்வொரு தாளாக விரித்து வெயிலில் காயவைத்தார்களாம். அப்படியும் சில தாள்கள் ஒட்டிக்கொண்டன. இன்றுவரை பிரிக்கத் துணியவில்லை. அதற்குத் தெரிந்த கை வேண்டும், ஐயா.

இரண்டு வருடங்களுக்கு முன் ஓர் அலுவலகத்துக்கு இதையே எழுதினோம். சமயச் சொத்து, சபையே பார்த்துக்கொள்ளட்டும் என்று பதில் வந்தது. சரி, ஆலயம் எங்களுடையதுதான். ஆனால் பிறப்புப் பதிவு கிடைக்காமல் ஞானஸ்நானச் சான்று கேட்டு வருகிறவர்களில் பலர் இப்போது எங்கள் சபையில் இல்லை. எங்கள் மிஷன் பள்ளியில் நடந்தவற்றைப் பதிந்துவந்த சம்பவத் திரட்டில் உள்ள பெயர்களிலோ பாதிக்கு மேல் இந்துப் பிள்ளைகளுடையவை. 1960இன் இறுதியில் உதவி பெறும் பாடசாலைகளை அரசு பொறுப்பேற்றபோது எங்கள் பள்ளியோடு அந்தத் திரட்டும் போனது. இப்போது பாடசாலைக் களஞ்சிய அறையில் உடைந்த வாங்குகளுக்கு அடியில் கிடக்கிறது. அதிபர் தர விரும்பினாலும் மேலிடத்து அனுமதி இல்லாமல் முடியாது என்கிறார். அந்த அனுமதியையும் தாங்கள் பெற்றுத் தந்தால் இரண்டையும் ஒரே தடவையில் பிரதியெடுத்துவிடலாம்.

மூல ஏடுகள் ஊரைவிட்டுப் போகக்கூடாது என்பது சபைக் கூட்டத்தின் தீர்மானம். கொழும்புக்குப் போனால் திரும்பி வராது என்று மூத்தவர்கள் பயப்படுகிறார்கள். அந்தப் பயத்தை நாங்கள் தள்ளிவிட முடியாது. வரும் அலுவலர்களுக்கு ஆலய மண்டபமும் மின்சாரமும் தங்குமிடமும் நாங்கள் தருவோம். மாரி மழை தொடங்குமுன் வந்தால் நல்லது. பின்னறைக் கூரை இப்போதும் ஒழுகுகிறது.

கறையான் அரித்த பக்கங்களின் புகைப்படங்களையும் கிராம உத்தியோகத்தரின் சிபாரிசுக் கடிதத்தையும் இணைத்துள்ளோம்.

இங்ஙனம்,
சபையார் சார்பில்,
செயலாளர்,
மெதடிஸ்த திருச்சபை.