எழுதியவர் பெயரையும் போடுங்கள்

ஆசிரியருக்கு வணக்கம்.

பிரிட்டிஷ் நகைச்சுவைத் தொடர்கள் பற்றிய ஞாயிறு கட்டுரையில் 'ஒன்லி ஃபூல்ஸ் அண்ட் ஹார்சஸ்' வந்தது, நடித்த டேவிட் ஜேசன் பெயரும் வந்தது, சரி, ஆனால் எழுதிய ஜான் சல்லிவனைக் காணோமே! தெற்கு லண்டனில் பிளம்பர் மகனாகப் பிறந்து 15 வயதில் பள்ளியை விட்டவர் அவர். பிபிசியில் செட் சாமான்களைத் தூக்கி வைக்கிற வேலையில் சேர்ந்து, அங்கேயே நகைச்சுவை நடிகர் ரோனி பார்க்கரைப் பிடித்துத் தன் துணுக்குக் காட்சிகளைக் காட்டித்தான் எழுத்தாளர் ஆனார்.

1982-ல் வந்த அந்தச் சரவிளக்குக் காட்சியை நான் எத்தனை தடவை பார்த்தேன் என்று கணக்கே இல்லை. தொடரில் வரும் அண்ணன் தம்பி டெல்பாயும் ராட்னியும் ஏணியில் நின்று ஒரு விளக்குக்குக் கீழே துணியை விரித்துப் பிடித்துக் காத்திருக்க, மாடியில் தாத்தா கழற்றியது பக்கத்து விளக்கின் திருகை. அது விழுந்து நொறுங்குகிறது, இவர்கள் கையில் துணி அப்படியே இருக்கிறது! சல்லிவனின் அப்பா வேலை செய்த இடத்தில் உண்மையிலேயே நடந்த கதையாம்.

அப்புறம், இரண்டாவது சீசனிலிருந்து வரும் தலைப்புப் பாட்டை எழுதிப் பாடியதும் சல்லிவனேதான். 1996 கிறிஸ்துமஸ் சமயத்தில் ஒரு பகுதியை 2.4 கோடிப் பேருக்கு மேல் பார்த்தார்கள். அவர் 2011-ல் காலமானார்.

அடுத்த வாரம் ஒரு வரி திருத்தம் போட்டால்கூடப் போதும்.