பொசுக்கென்று போக ஒரு கோயில்

அன்பு நண்பா,

உன் அம்மா போன செய்தியைப் படித்துவிட்டு வெகுநேரம் சும்மா உட்கார்ந்திருந்தேன். "கை கால் நன்றாக இருக்கும்போதே போய்ச் சேரணும்" என்று சொல்லிக்கொண்டிருந்தவரை மூன்று வருஷம் படுக்கையில் போட்டுவிட்டதே!

ஜப்பானில், ஒசாகாவில் மகள் வீட்டுக்கு வந்து இரண்டு மாதமாகிறது. போன ஞாயிறு நாரா பக்கம், ஹோரியூஜி ஆலயத்துக்கு அருகில் ஒரு கோயிலுக்குப் போனோம். பெயர் கிச்சிதென்ஜி. ஆனால் 'பொக்குரி தெரா' என்றால்தான் பலருக்கும் தெரிகிறது. தெரா என்றால் கோயில். பொக்குரி? நம்முடைய 'பொசுக்கென்று'தான்! பொசுக்கென்று உயிர் போக வேண்டிக்கொள்ளும் கோயில். 987-இல் கென்ஷின் என்ற துறவி எழுப்பியதாம். அவர் தன் தாயின் துணிக்கு மந்திரம் ஓதிக் கொடுக்க, அந்த அம்மாள் வலியில்லாமல் கண்மூடினார் என்பது தலபுராணம். அதனால் இன்றும் உள்ளாடையைக் கொண்டுவந்து ஓதி வாங்கிப் போகிறார்கள்.

உள்ளே பெரிய அமிதா புத்தர். குடைந்த மரமணி ஒன்றின் முன்னால் ஒரு பாட்டி உட்கார்ந்து 'டொக் டொக்' என்று தட்டிக்கொண்டிருந்தார். எண்பதுக்கு மேலிருக்கும். மகள்தான் பேச்சு கொடுத்தாள். சாவதற்கு பயமில்லையாம், பிள்ளைகளுக்கு 'மேய்வாகு' ஆகிவிடக் கூடாதாம். தொந்தரவு என்று அர்த்தம். அந்தச் சொல்லை இங்கே மூச்சுக்கு மூச்சு கேட்கலாம்.

எனக்கு அதில் கொஞ்சம் வருத்தம்தான். பெற்றவள் எப்படித் தொந்தரவாவாள்? நீ அம்மாவுக்குத் தலைவாரி விட்டதை எழுதியிருந்தாயே, அதை அந்தப் பாட்டியிடம் சொல்லலாமா என்று நினைத்தேன். மொழி தெரியவில்லை.

'தத்தாமிப் பாயில் சாவது' என்று இவர்களிடம் ஒரு வழக்கு உண்டு, வீட்டிலேயே நிம்மதியாகப் போவதற்கு. 1951-இல் ஐந்தில் நாலு பேருக்கு மேல் வீட்டில்தான் இறந்தார்கள். இப்போது பெரும்பாலும் ஆஸ்பத்திரிதான். பாயும் குறைந்துவிட்டது, பக்கத்தில் உட்கார ஆளும் குறைந்துவிட்டது.

அப்புறம், ஒரு கூத்து. எனக்குத் தெரியாமல் என் மனைவி ஒரு புது பனியனைப் பையில் வைத்துக் கொண்டுவந்து ஓதி வாங்கிவிட்டாள். என்னுடைய பனியன்! "உனக்கு?" என்றேன். "உங்களை அனுப்பிவிட்டு அப்புறம் பார்க்கிறேன்" என்கிறாள். நான்கு நாளாக அது அலமாரியில் மடித்தபடியே இருக்கிறது. போட்டுக்கொள்ளக் கை வரவில்லை.

தை பிறந்ததும் ஊருக்கு வருகிறோம். வேளாவேளைக்குச் சாப்பிடு.

உன்
பழைய பெஞ்சுத் தோழன்