ஆறாவது இடம் உனக்காக

திருச்சி

அன்புள்ள முரளி,

உன் கடிதம் வந்து சேர்ந்தது. துபாயிலேயே வீடு மாறிவிட்டீர்கள், மகள் ஆறாம் வகுப்புக்குப் போய்விட்டாள், நீ மறுபடியும் ஒரு நல்ல கணினி வாங்கிவிட்டாய் என்று மூன்று செய்திகளையும் ஒரே வரியில் எழுதியிருந்தாய். மூன்றுமே மகிழ்ச்சி. மூன்றாவது எனக்குக் கொஞ்சம் கூடுதல் மகிழ்ச்சி. இங்கே அம்மாவுக்குக் கண்புரை அறுவை நல்லபடியாக முடிந்தது. தொலைக்காட்சியின் அடியில் ஓடும் எழுத்துகளை உட்கார்ந்த இடத்திலிருந்தே படித்துச் சொல்கிறார். உன்னை விசாரித்ததாக எழுதச் சொன்னார். என் வேலை வழக்கம்போலப் போகிறது. அதில் எழுத ஒன்றுமில்லை.

நீ கேட்டதற்கு வருகிறேன். டெஸ்டினி 2 என்ற நம் பழைய இணையச் சுடுதல் விளையாட்டை மறுபடி இறக்கிவிட்டேன், ஆறு பேர் சேர்ந்து போகும் ரெய்டு என்ற பெரிய சவாலுக்குள் போக எதையெல்லாம் திறக்க வேண்டும், விளையாட வந்தவனை வாசலிலேயே நிறுத்தி ஏன் இத்தனை பூட்டுப் போட்டு வைத்திருக்கிறார்கள் என்று கேட்டிருந்தாய். எதைத் திறப்பது என்பதைக் கடைசியில் சொல்கிறேன். ஏன் பூட்டு என்ற கேள்விதான் இந்த வாரம் முழுவதும் மனதில் ஓடிக்கொண்டிருந்தது. அதைப் பற்றி முதலில் பேசிவிடுகிறேன்.

எல்லாப் பூட்டும் ஒரே மாதிரி இல்லை, முரளி. இந்த விளையாட்டு பிறந்ததிலிருந்தே இரண்டு வகைப் பூட்டுகளை வைத்திருக்கிறது. 2014 செப்டம்பர் 9 அன்று முதல் டெஸ்டினி வந்தது. அடுத்த வாரமே, செப்டம்பர் 16 அன்று, வால்ட் ஆஃப் கிளாஸ் ரெய்டைத் திறந்தார்கள். உள்ளே போக 26ஆம் நிலை வேண்டும். இருபது வரை சுட்டுச் சுட்டு ஏறிவிடலாம். அதற்கு மேல் ஏற, நாம் அணியும் கவசத்தில் ஒளி என்ற எண் இருக்க வேண்டும். உச்சம் 30. அந்த முப்பதைத் தொடவோ ரெய்டிலேயே கிடைக்கும் கவசம் தேவைப்பட்டது. அது கிடைப்பது முழுக்க அதிர்ஷ்டம். ஒரே ஒரு கவசத் துண்டு விழாததால் வாரக்கணக்கில் 29லேயே நின்றவர்கள் ஏராளம். ரெய்டை நன்றாக முடிக்கத் தெரிந்தவனும் நின்றான், தெரியாதவனும் நின்றான். இந்த வகைப் பூட்டு நமக்கு எதையும் கற்றுத் தருவதில்லை. நம்முடைய நேரத்தை மட்டும் எண்ணி வாங்கிக்கொள்கிறது. உன் கோபம் இதன் மேல் என்றால் நான் உன் பக்கம்தான்.

அதே ரெய்டின் வாசலை நினைத்துப் பார். வெள்ளிக் கோளில், வெக்ஸ் என்ற எந்திரப் பகைவர்களின் பாழடைந்த கட்டடங்களுக்கு நடுவே, மலையில் பதிந்த அந்தப் பெரிய வட்டக் கதவு. திறக்கச் சாவி கிடையாது. எதிரே தரையில் மூன்று தட்டுகள், ஒன்றுக்கொன்று தள்ளித் தள்ளி இருக்கின்றன. மூன்றிலும் ஆள் நிற்க வேண்டும், வெக்ஸ் வந்து பறித்துவிடாமல் காக்க வேண்டும். மூன்றும் சேர்ந்து நம் கையில் இருக்கும்வரைதான் நடுவில் அந்தக் கோபுரம் வளரும். வளர்ந்து முடிந்தால்தான் கதவு திறக்கும். எவ்வளவு பெரிய வீரனாலும் ஒரே நேரத்தில் மூன்று இடத்தில் நிற்க முடியாது. ஆறு பேரும் இரண்டிரண்டாகப் பிரிந்து, "இடப்பக்கம் ஆள் குறைவு, ஒருவர் வாருங்கள்" என்று பேசிப் பேசித்தான் திறக்க வேண்டும்.

உள்ளே போனால் நடப்பதும் அதுவேதான். டெம்ப்ளர் என்ற வெக்ஸ் தலைவன் இருக்கும் பள்ளத்தில் ஆரக்கிள் என்ற ஒளிரும் இலக்கு ஒவ்வொன்றும் தனக்கென்று ஒரு சுரத்தில் ஒலிக்கும். ஒலித்த வரிசையிலேயே சுட வேண்டும். கடைசி எதிரியான ஏதியான் மூன்று பேரை வேறொரு காலத்துக்குத் தூக்கி எறிந்துவிடும். டெஸ்டினி 2இல் வந்த வடிவத்தில், அங்கே எந்த வரிசையில் சுட வேண்டும் என்பது வெளியே நிற்கும் மூவருக்குத்தான் தெரியும். அவர்கள் சொல்ல, காலத்துக்கு அப்பால் நிற்பவர்கள் சுட வேண்டும். வாசலில் மூன்று தட்டுகளைக் காத்தபோது பழகிய பேச்சு இங்கே வந்து உயிரைக் காப்பாற்றுகிறது. நீச்சல் கற்றுக்கொடுக்கும் மாமா முதலில் கிணற்றின் கடைசிப் படியில் உட்காரவைத்துக் காலை நனைக்கச் சொல்வாரே, அப்படி ஒரு வாசல் அது. இந்த மாதிரிப் பூட்டை எடுத்துவிட்டால் நஷ்டம் நமக்குத்தான் என்று நினைக்கிறேன்.

லாஸ்ட் விஷ் ரெய்டு திறந்த இரவு உனக்கு நினைவிருக்கும். 2018 செப்டம்பர் 14, நம் நேரப்படி வெள்ளிக்கிழமை இரவு பத்தரை. நீ அப்போது புனேவில் இருந்தாய், நான் சென்னையில். நம்மால் உள்ளே போக முடியவில்லை. மற்றவர்கள் விளையாடுவதைப் பார்த்துக்கொண்டு தொலைபேசியில் பேசிக்கொண்டிருந்தோம். விளையாட்டில் புதிய பகுதிகளைச் சேர்த்த விரிவாக்கம் வந்து பத்தே நாள்தான் ஆகியிருந்தது. பலத்தைக் காட்டும் பவர் எண் யாருக்கும் அந்த ரெய்டுக்குப் போதவில்லை. ரிடீம் என்ற கிளான், அதாவது ஆட்டக்காரர் குழு, ஏறக்குறைய 19 மணி நேரம் போராடி ரிவனை வீழ்த்தியது. அதற்குப் பிறகு நடந்ததுதான் எனக்கு இன்றுவரை இந்த விளையாட்டின் மிக அழகான திறப்பு. ரிவன் ஆசைகளை நிறைவேற்றும் அஹம்காரா இனத்தின் டிராகன். அதைக் கொன்றதே அதன் கடைசி ஆசையை நிறைவேற்றியதாகிவிட்டது. ரெய்டு இருக்கும் டிரீமிங் சிட்டி என்ற நகரம் முழுவதும், விளையாடும் அனைவருக்கும், சாபத்தில் விழுந்தது. மூன்று வாரச் சுழற்சி தொடங்கியது. சாபம் முற்றும் வாரத்தில் மட்டும் ஷாட்டர்டு த்ரோன் என்ற டஞ்சன், அதாவது மூன்று பேர் போகும் சிறு ரெய்டு, திறந்தது. ஆறு பேர் ஒரு கதவைத் திறந்தார்கள், அதன் விளைவு நம் இருவர் திரையிலும் வந்து நின்றது. மறு வாரம் நீயும் நானும் அந்த நகரத்துக்குள் போனபோது வானத்தின் நிறமே மாறியிருந்ததே, அதைச் சொல்கிறேன்.

அதற்கு முந்தைய ஜூலையில் வந்த விஸ்பர் என்ற ரகசியப் பணி இன்னொரு வகை. எந்த வரைபடத்திலும் குறியில்லை, யாரும் அறிவிக்கவில்லை. வியாழனின் நிலாவான அயோவின் லாஸ்ட் ஒயாசிஸில், டேக்கன் என்ற பகைவர்கள் வரும் பொது நிகழ்வு நடக்கும்போது ஒருவன் தோன்றுவான். அவனைக் கொன்றால் ஒரு வாயில் திறக்கும். உள்ளே இருபது நிமிடக் கெடு, இருட்டில் பாறை பாறையாகத் தாவ வேண்டும். எட்டாத இடத்தில் குதித்து விழுந்து எழுந்து வழி தேடும் பழக்கம் உள்ளவனுக்குத்தான் அந்த இடம். வழி தெரிந்தவர்கள் தெரியாதவர்களைக் கூட்டிக்கொண்டு போனார்கள். எவ்வளவு பேர் அப்படிக் கை கொடுத்தார்கள்! 2020இல் அயோவையே விளையாட்டிலிருந்து எடுத்தபோது அந்தப் பணியும் போயிற்று. 2024இல் திரும்பக் கொண்டுவந்தார்கள்.

தவறிய பூட்டையும் சொல்லிவிட வேண்டும். 2019 ஜனவரியில் நயோபி லேப்ஸ் என்ற புதிர் வந்தது. ஒரு குழு அதை விடுவித்தால்தான் பெர்கூசியா என்ற, ஆயுதம் வார்க்கும் உலைக்களம் எல்லோருக்கும் திறக்கும் என்று கட்டிவைத்தார்கள். ஏழாவது கட்டத்தில் எல்லோரும் சிக்கிக்கொண்டார்கள். ஒரு நாள் கடந்தும் விடை வரவில்லை. கடைசியில் விளையாட்டை உருவாக்கிய பங்ஜி நிறுவனமே இரண்டையும் பிரித்து உலைக்களத்தைத் திறந்துவிட்டது. அவர்கள் செய்தது சரி என்றுதான் அன்றும் நினைத்தேன், இன்றும் நினைக்கிறேன். லாஸ்ட் விஷ்ஷிலும் ஒரு குழுவுக்காக உலகமே காத்திருந்தது உண்மை. ஆனால் அங்கே காத்திருந்தவனுக்கும் அதே ரெய்டு திறந்தே இருந்தது, அவனும் உள்ளே போய்ப் பொருதலாம். நயோபியிலோ காசு கொடுத்து வாங்கியவன் தன்னால் எதுவும் செய்ய முடியாமல் பிறர் திரையைப் பார்த்துக்கொண்டிருந்தான்.

எண்ணுப் பூட்டின் அநியாயத்தை அவர்களும் உணர்ந்துதான் 2019 ஜூனில் கிரௌன் ஆஃப் சாரோ ரெய்டோடு கன்டெஸ்ட் முறையைக் கொண்டுவந்தார்கள். முதல் நாளில் யாருடைய பவரும் ஒரு வரம்புக்கு மேல் செல்லாது. இரவெல்லாம் எண்ணை ஏற்றியவனுக்கும் அலுவலகம் போய்வந்தவனுக்கும் ஒரே கடினம்தான். உனக்கும் எனக்கும் அது பெரிய நியாயம். இதையும் ஒளிக்காமல் சொல்கிறேன்: 2025 ஜூலையில் வந்த தி எட்ஜ் ஆஃப் ஃபேட் விரிவாக்கத்துக்குப் பிறகு எண்ணை ஏற்றும் வேலை மறுபடி கூடிவிட்டது. பலருக்கு அதில் மனக்கசப்பு, எனக்கும்தான். நீ உள்ளே வந்ததும் அந்த எண்ணைப் பார்த்து மலைத்துவிடாதே. நாம் போகப்போகும் பழைய ரெய்டுக்கு அதைத் துரத்தத் தேவையில்லை.

நீ இல்லாத நாட்களில் நடந்த ஒன்றைச் சொல்லாமல் இந்தக் கடிதத்தை முடிக்க முடியாது. 2024 ஜூனில் தி ஃபைனல் ஷேப் விரிவாக்கம் வந்தது. அதன் ரெய்டு சால்வேஷன்ஸ் எட்ஜ். அதில் வெரிட்டி என்று ஓர் அறை இருக்கிறது. ஆறு பேரில் மூவரைத் தனித்தனி அறைகளில் அடைத்துவிடும். ஒருவர் இன்னொருவரைப் பார்க்க முடியாது. உள்ளே ஒவ்வொரு சிலை கையிலும் வட்டமோ, சதுரமோ, முக்கோணமோ இருக்கும். வெளியே உள்ள சிலைகள் கையில் கன உருவங்கள். இரண்டு வட்டம் சேர்ந்தால் கோளம், வட்டமும் முக்கோணமும் சேர்ந்தால் கூம்பு, வட்டமும் சதுரமும் என்றால் உருளை, முக்கோணமும் சதுரமும் என்றால் பட்டகம். உள்ளே வட்டம் இருப்பவன் வெளியேற வட்டமே கலக்காத உருவம், அதாவது பட்டகம், வேண்டும். நம் எட்டாம் வகுப்புக் கணக்குப் புத்தகத்தில் வந்த சொற்கள்தான் எல்லாம்! துப்பாக்கியைக் கீழே வைத்துவிட்டுக் காகிதத்தில் படம் போட்டுப் பழகினோம். சுடுவது அங்கே இரண்டாம் பட்சம். தான் பார்ப்பதைக் குழப்பமில்லாமல் சொல்லத் தெரிந்தவன்தான் அந்த அறையின் வீரன். பாராபெலம் என்ற குழு சுமார் 19 மணி நேரத்தில் அந்த ரெய்டை முதலில் முடித்தது. அவர்கள் முடித்ததும் எக்ஸிஷன் என்ற பணி எல்லோருக்கும் திறந்தது. பன்னிரண்டு பேர் ஒன்றாகப் போகும் பணி, இந்த விளையாட்டில் அதுவரை இல்லாதது. ஆள் சேர்க்கும் வேலைகூட நமக்கில்லை, விளையாட்டே சேர்த்துவிடும். பத்தாண்டுக் கதையின் முடிவான சண்டையை, ரெய்டு பக்கமே போகாதவனும் கையோடு செய்து முடிக்கலாம். லாஸ்ட் விஷ்ஷில் தொடங்கிய எண்ணம் இங்கேதான் முழுமை பெற்றது. அந்த இரவு நீ இல்லையே என்று உண்மையாகவே வருந்தினேன்.

சரி, இப்போது செய்ய வேண்டியவை. முதலில் பிராஃபெசி டஞ்சன். மூன்று பேர் போதும், காசு கட்டத் தேவையில்லை. வெளிச்சத்தில் நின்று கொல்கிறாயா இருட்டில் நின்று கொல்கிறாயா என்பதைப் பொறுத்து வேறு வேறு துகள்கள் விழும். நிற்கும் இடத்தைக் கவனிக்கும் பழக்கம் அதில் வந்துவிடும். நானும் சென்னை நண்பர் ஒருவரும் உன்னோடு வருகிறோம். அதன் பிறகு வால்ட் ஆஃப் கிளாஸ். 2021 மே 22 அன்று அது டெஸ்டினி 2க்குள் திரும்பியபோதே எதையும் வாங்காதவர்களுக்கும் சேர்த்துத்தான் திறந்தார்கள். அதற்கு ஆறு பேர் வேண்டும், ஆளை விளையாட்டு தானாகச் சேர்த்துத் தராது. 2023 கடைசியில் வந்த ஃபயர்டீம் ஃபைண்டர் என்ற பலகையில் நாமே அறிவிப்புப் போட்டு ஆள் தேடலாம். புதியவர்களுக்குச் சொல்லிக்கொடுத்து அழைத்துப் போகிறவர்களை அங்கே ஷெர்பா என்று அழைக்கிறார்கள். நல்ல மனிதர்கள் நிறையப் பேர் இருக்கிறார்கள். ஆனால் நீ அங்கே தேட வேண்டாம். எங்களிடம் ஐந்து பேர் இருக்கிறோம்: நான், சென்னையில் இருவர், பெங்களூரில் ஒருவர், கோலாலம்பூரில் ஒரு தமிழ்ப் பெண். அவர் ஆரக்கிள் வரிசையைக் கேட்டுச் சொல்வதில் கெட்டிக்காரர். வீணை கற்றவர், சுரம் தப்பாது.

சனிக்கிழமை இரவு பத்து மணி என்று வைத்திருக்கிறோம். உனக்கு எட்டரை. கோலாலம்பூரில் நள்ளிரவு தாண்டிப் பன்னிரண்டரை ஆகிவிடும் என்பதால் சரியான நேரத்துக்குத் தொடங்கிவிட வேண்டும். மகள் தூங்கும் நேரத்துக்கு இது இடைஞ்சல் என்றால் இப்போதே சொல், ஞாயிறு மாலைக்கு மாற்றிவிடலாம்.

உன் பழைய வார்லாக் பாத்திரத்தையே எடுத்து வா. உள்ளே நிற்பவர்களைக் காக்கும் அதன் ஒளிவட்டம், வெல் ஆஃப் ரேடியன்ஸ், இன்னும் இருக்கிறது. ஆறு பேரும் அதற்குள் நின்றால் ஏதியானிடம் பாதிப் பயம் போய்விடும். கேட்க மட்டும் செய்யும் காதொலிப்பான் போதாது, மைக் உள்ளதாக ஒன்று வாங்கிக்கொள். உன் கிளானின் பெயரையும் உன் கணக்குப் பெயரையும் பதிலில் எழுது, வெள்ளிக்கிழமைக்குள் உன்னை எங்கள் பட்டியலில் சேர்த்துவிடுகிறேன்.

வீட்டில் எல்லோரையும் கேட்டதாகச் சொல்.

அன்புடன்,
செந்தில்