மலைக்காட்டில் இலை பறிக்க வேண்டாம்: வன்னிப் பாடசாலைகளுக்கு ஒரு திறந்த மடல்

மதிப்புக்குரிய அதிபர்களே, விஞ்ஞான ஆசிரியர்களே,

வணக்கம். கிளிநொச்சி, முல்லைத்தீவு, வவுனியா, மன்னார்ப் பாடசாலைகளிலிருந்து மலைநாட்டுக்குக் கல்விச் சுற்றுலா பஸ்கள் புறப்படுகின்றன. கண்டி, பேராதனைப் பூங்கா, நுவரெலியா, சீதா எலிய அம்மன் கோயில், ஹக்கல தாவரவியல் பூங்கா என்று பாதை பெரும்பாலும் ஒன்றுதான். பிள்ளைகள் குளிரையும் ரோசாப் பூக்களையும் பார்த்துவிட்டு லீக்ஸ் கட்டோடு வீடு திரும்புகிறார்கள். உளுந்து விற்ற காசில் கட்டணம் செலுத்தும் பெற்றோரில் ஒருவன் என்ற முறையில் கேட்கிறேன்: அந்தப் பயணத்தில் ஒரு தவளைக்கும் இடம் கொடுங்கள்.

வன்னியில் தவளைக்கு என்ன பஞ்சம் என்று சிரிப்பீர்கள். மாரி தொடங்கிவிட்டால் இரணைமடு வாய்க்காலோரம் காது கொடுத்து நிற்க முடியாது, உண்மைதான். ஆனால் நம் பிள்ளைகள் அறிந்த தவளையின் கதை தண்ணீரில் தொடங்குவது. முட்டை, வாற்பேத்தை, பின்னங்கால், முன்னங்கால், வால் மறைவது வரை கண்ணை மூடிக்கொண்டு கீறிவிடுவார்கள். ஹக்கல பூங்காவுக்குப் பின்னால் ஏறும் மலைக்காட்டில் அந்தப் படம் செல்லாது.

அங்கே வாழும் ஒரு புதர்த்தவளைக்குச் சூடோபிலாட்டஸ் ஃபெமோராலிஸ் என்று பெயர். 1864இல் விஞ்ஞான உலகுக்கு அறிமுகமானது. இலங்கையின் மலைக்காடுகளைத் தவிர உலகில் வேறெங்கும் இல்லை. வளர்ந்த தவளையே இரண்டு மூன்று சென்ரிமீற்றர்தான். முதுகு தளிர்ப் பச்சை. பெண் தவளை தன் முட்டைகளை இலையின் அடிப்பக்கத்தில் ஒட்டிவிட்டுப் போய்விடும். ஒளி ஊடுருவும் கூழ் உருண்டைகள் அவை. வாற்பேத்தையாக நீந்த வேண்டிய காலமெல்லாம் அந்த முட்டைக்குள்ளேயே கழிந்துவிடும். கூழைக் கிழித்துக்கொண்டு வெளியே வருவது நான்கு காலும் முளைத்த, அரிசி மணியளவு முழுத் தவளை. இதன் உறவினங்களில் பெரும்பாலானவை மண்ணில் குழி பறித்து முட்டையிட்டு மூடுகின்றன. அவற்றுக்கும் வாற்பேத்தைப் பருவம் வெளியே கிடையாது.

குளத்தைக் காத்தால் தவளை பிழைத்துக்கொள்ளும் என்பது வன்னிக் கணக்கு. மலையில் ஓடை வற்றாமல் ஓடினாலும் போதாது. மரநிழலும் மூடுபனியும் விலகி இலை காய்ந்தால், அதில் ஒட்டியிருக்கும் அத்தனை முட்டையும் காய்ந்துவிடும். கோப்பிக்கும் பின்னர் தேயிலைக்கும் காடு வெட்டிய மலைகளில் எத்தனையோ தவளையினங்கள் அழிந்துபோயின. சிலவற்றுக்கு அருங்காட்சியகப் போத்தல் மட்டுமே மிச்சம். அபூர்வமாக ஒன்றிரண்டு திரும்பியும் வந்திருக்கின்றன. கெலார்ட் என்ற இராணுவ மருத்துவர் 1853இல் விவரித்த, உடலில் புள்ளிகள் கொண்ட ஒரு புதர்த்தவளை அழிந்ததாகவே கருதப்பட்டது. 2009இல் சிவனொளிபாதமலைக் காட்டில் அது உயிரோடு அகப்பட்டது. அந்த மலைகளில் கொழுந்து பறித்தவர்களின் பேரப்பிள்ளைகள் இன்று உங்கள் வகுப்புகளில் இருக்கிறார்கள். 1977 இனக்கலவரத்துக்குப் பின் வன்னிக்கு வந்து காடு வெட்டிக் குடியேறிய குடும்பங்கள் அவை. பாட்டியிடம் போய்க் கேட்கச் சொல்லுங்கள், பிள்ளைகளுக்கு அதுவும் ஒரு பாடம்தான்.

சோதனைக்கு இது வராதே என்பீர்கள். ஹோட்டன் சமவெளியின் 'உலக முடிவு' மலைவிளிம்புகூடச் சோதனைக்கு வராது. அதற்கு மட்டும் விடியப்புறம் எழுப்பி அழைத்துப்போகிறீர்கள்.

நான் கேட்பது பெரிதல்ல. பஸ் ஏறுவதற்கு முந்திய வாரம் ஒரு பாடவேளை ஒதுக்கி இந்தத் தவளையின் வாழ்க்கை வட்டத்தைக் கரும்பலகையில் கீறுங்கள். பகலில் அது கண்ணில் படுவது அரிது என்பதையும் முன்கூட்டியே சொல்லிவிடுங்கள், ஏமாற்றம் குறையும். ஹக்கலவின் பின்காடு கடும் இயற்கை ஒதுக்ககம், அதற்குள் யாரும் நுழைய வேண்டாம். ஹோட்டன் சமவெளியில் மலைக்காட்டினூடே உலக முடிவுக்கு நடக்கும் பாதையில்தான் என் கவலை. வரிசையில் நடக்கும் பிள்ளைகளின் கை சும்மா இராது; போகிற போக்கில் இலையை உருவிக் கசக்கி எறிவார்கள். எந்த இலையின் அடியில் முட்டை இருக்கிறது என்று மேலிருந்து பார்த்தால் தெரியாது. தப்பித்தவறித் தவளையைக் கண்டாலும் தொடாமல் பார்க்கட்டும். அது தன் தோல் வழியாகவும் சுவாசிக்கிறது.

சுற்றுலாவுக்கு முன் பெற்றோரிடம் கையெழுத்துக் கேட்டு ஒரு படிவம் அனுப்புவீர்களே, அதில் கம்பளிச் சட்டை, மருந்து, கைக்காசு என்ற வரிகளுக்குக் கீழே 'பாதையோரத்தில் இலை பறிக்கக் கூடாது' என்று ஒரு வரி சேர்த்து அனுப்புங்கள். கையெழுத்திட்டுத் தருகிறோம்.

இப்படிக்கு,
ஒரு பெற்றோர்,
மாங்குளம்