கதிருக்கு: ஒரு மீட்டர் என்றால் எவ்வளவு

மஞ்சக்குப்பம், கடலூர்
கார்த்திகை 14

அன்புள்ள கதிருக்கு,

அம்மா எழுதுவது. இங்கே எல்லாரும் சுகம். மூன்று நாளாக விட்டு விட்டு மழை. கெடிலத்தில் தண்ணீர் ஓடுகிறது, பயப்படும்படி இல்லை. பின்பக்கத்து முருங்கை இந்த வருடமும் சாய்ந்துவிட்டது, அப்பா முட்டுக் கொடுத்து வைத்திருக்கிறார். சின்ன மாமா விஷயம் ஒருவழியாக முடிந்தது. அதை நேரில் சொல்கிறேன்.

போன ஞாயிறு நீ பேசவில்லை. அதற்கு முந்தின ஞாயிறு "சாப்ட்டேன்மா, தூங்கணும்" என்று வைத்துவிட்டாய். அக்காவிடம் கேட்டேன். அவள் ஒன்றும் சொல்லவில்லை. அதனால் நானும் எதையும் கேட்கப் போவதில்லை. புயலில் கடல் ஏறுவதைப் பற்றி நீ ஆங்கிலத்தில் எழுதுகிற ஆராய்ச்சிக் கட்டுரைக்காக எனக்குத் தோன்றியதை மட்டும் எழுதுகிறேன். உனக்கு ஏற்கெனவே தெரிந்திருந்தால் விட்டுவிடு.

சின்னச் சின்ன வாக்கியமாக எழுது. நம் மொழியில் வினை கடைசியில் வரும். இடம், நேரம், காரணம், நிபந்தனை எல்லாம் வரிசையாக முன்னால் வந்து உட்கார்ந்த பிறகுதான் வினை வந்து கதவைச் சாத்தும். "புயல் கரையைக் கடப்பதற்கு ஆறு மணி நேரம் முன்பு துறைமுகத்து டைட் கேஜில் பதிவான நீர்மட்டத்தை மாடல் கொடுத்த நீர்மட்டத்தோடு ஒப்பிட்டுப் பார்த்தபோது 20 செ.மீ. குறைவாக இருந்தது" என்று தமிழில் எழுதினால் காதுக்கு உறுத்தாது. ஆனால் எது குறைவு? நீர்மட்டத்தை அளந்த டைட் கேஜா, கணினியில் கணித்த மாடலா? எழுவாயைச் சொல்லாமல் விட்டாலும் நமக்குப் பழக்கத்தில் ஓடிவிடுகிறது. இதே வரிசையில் ஆங்கிலத்தில் எழுதினால் படிக்கிறவர் நடுவழியில் நின்றுவிடுவார். நின்றவர், உனக்கு விஷயம் தெரியவில்லை என்று நினைக்க மாட்டார், மொழி சரியில்லை என்று ஒரு வரி எழுதித் திருப்பிவிடுவார். அதை மூன்றாக உடை. எதை அளந்தோம். எதோடு ஒப்பிட்டோம். எது எவ்வளவு குறைந்தது. ஒவ்வொன்றிலும் எழுவாயும் வினையும் பக்கத்துப் பக்கத்தில் இருக்கட்டும்.

இன்னொன்று, ஆங்கிலத்தில் பெயர்ச்சொல்லுக்கு முன்னால் வருகிற அந்த 'எ', 'தி' விவகாரம். நமக்கு அது கிடையாது, அதனால் கை தானாக விட்டுவிடும். எழுதும்போதே அதைப் பார்த்துக்கொண்டிருந்தால் எண்ணம் தடைப்படும். எழுதி முடித்த மறுநாள், வேறு எதையும் பார்க்காமல், பெயர்ச்சொல்லை மட்டும் ஒவ்வொன்றாக விரல் வைத்துக்கொண்டு போ. இந்தப் பொருளை முன்பே படிக்கிறவருக்குச் சொல்லிவிட்டோமா? சொல்லியிருந்தால் 'தி'. முதல் முறையாக வருகிறதா, பலவற்றில் ஒன்றா? 'எ'. பத்தில் எட்டு இடம் இதிலேயே சரியாகிவிடும்.

இதையெல்லாம் உன் குறை என்று எடுத்துக்கொள்ளாதே. 2023-ல் தத்சுயா அமானோ என்ற ஜப்பானிய ஆய்வாளரும் அவர் குழுவும் 8 நாடுகளைச் சேர்ந்த 908 சுற்றுச்சூழல் ஆய்வாளர்களிடம் கேட்டு ஒரு கட்டுரை வெளியிட்டார்கள். ஆங்கிலம் தாய்மொழியாக இல்லாதவர்களுக்கு ஒரு கட்டுரையைப் படிக்கவும் எழுதவும் கூடுதல் நேரம் பிடிக்கிறது, மொழியைக் காரணம் காட்டித் திருப்பி அனுப்பப்படுவதும் அவர்களுக்கு அதிகம் நடக்கிறது என்று கணக்கோடு காட்டியிருக்கிறார்கள். சும்மா கண்ணில் பட்டது, எழுதுகிறேன். நீ இப்போது இருக்கிற ஊரின் மொழியான ஜெர்மனில்தானே 1905-ல் ஐன்ஸ்டைன் எழுதினார்? நியூட்டன் 1687-ல் லத்தீனில் எழுதியவர், 1704-ல் ஒளியைப் பற்றிய புத்தகத்தை ஆங்கிலத்தில் போட்டார். அறிவியலுக்கு அந்தந்தக் காலத்தில் ஒரு வாகனம், அவ்வளவுதான். வாகனம் ஓட்டத் தெரியாததற்கு வெட்கப்பட்டுக்கொண்டு யாரும் ஊர் போகாமல் இருப்பதில்லை.

கருத்தரங்கில் நீ மேடையில் நிற்கிற படத்தை அப்பா இன்னும் போன் முகப்பில் வைத்திருக்கிறார். கறிக்கடையில்கூடக் காட்டுகிறார். ஆனால் அந்த மேடையில் என்ன பேசினாய் என்று அவருக்கு ஒரு தடவையாவது தமிழில் சொல்லியிருக்கிறாயா? கேட்டால் "அது உங்களுக்குப் புரியாதுப்பா" என்கிறாய். அது அவருக்குச் சுருக்கென்று பட்டது. எனக்கும்தான்.

முதலில் தமிழில் பத்து வரி எழுதிப் பார். இதைச் செய்தே ஆக வேண்டும் என்று சொல்வேன். அப்படி எழுதினால் உனக்கே எங்கே தெளிவில்லை என்று தெரியும். காற்றையும் நீரோட்டத்தையும் எடுத்துக்கொள். காற்றுக்கு அது வருகிற திசையை வைத்துப் பெயர். வடக்கிலிருந்து வந்தால் வாடை, கிழக்கிலிருந்து வந்தால் கொண்டல், தெற்கிலிருந்து வந்தால் தென்றல், மேற்கிலிருந்து வந்தால் கோடை. அறிவியலிலும் அப்படித்தான். நீரோட்டத்துக்கு மட்டும் அது போகிற திசையைச் சொல்வார்கள். ஐப்பசி கார்த்திகையில் நம் கரையில் வடகிழக்குக் காற்று, தெற்கு நோக்கிய நீரோட்டம். ஏட்டில் இரண்டும் எதிரெதிர் போலத் தெரியும், கடலில் இரண்டும் ஏறக்குறைய ஒரே பக்கம்தான் போகின்றன. தமிழில் "லிருந்து", "நோக்கி" என்று எழுதியே தீர வேண்டும், அங்கே தப்பிக்க முடியாது. ஆங்கிலத்தில் திசைப் பெயரை மட்டும் போட்டுவிட்டு நகர்ந்துவிடலாம், அங்கேதான் படிக்கிறவர் மாட்டிக்கொள்வார்.

காற்றின் வேகம் என்று எழுதினால் எத்தனை நிமிடச் சராசரி என்று அதே வரியில் போடு. நம் வானிலைத் துறைக்கு 3 நிமிடம், அமெரிக்கர்களுக்கு 1 நிமிடம், உலக வானிலை அமைப்பின் வழக்கம் 10 நிமிடம். நேரம் குறையக் குறைய எண் பெரிதாகும். ஒரே புயலுக்கு இரண்டு பேர் இரண்டு வேகம் எழுதினால் ஒருவர் பொய் என்று அர்த்தமில்லை.

அப்புறம் நம் 'ஆம்'. "மழை பெய்தது", "மழை பெய்ததாம்." ஒரே ஓர் ஒட்டில், நான் பார்க்கவில்லை, கேள்விப்பட்டேன் என்று சொல்லிவிடுகிறோம். வானிலை அளவுகளைப் பதிகிற அப்சர்வேட்டரி ரிஜிஸ்டரில் 'ஆம்' கிடையாது. பார்த்தால் எழுது, பார்க்காவிட்டால் கோடு போடு. ஆங்கிலத்தில் இந்த ஒட்டு இல்லாததால், பிறர் சொன்னதும் நீ அளந்ததும் ஒரே குரலில் வந்துவிடும். ஒவ்வொரு வரியாகப் படித்து, இதற்குத் தமிழில் 'ஆம்' போடுவேனா என்று கேள். போடுவாய் என்றால் அங்கே யார் சொன்னது என்று எழுது.

துறைமுகத்தில் இந்த வாரம் புயல் எச்சரிக்கைக் கூண்டு ஏற்றினார்கள், 1-ம் எண். டீக்கடையில் எல்லாரும் எண்ணை வைத்தே பேசுகிறார்கள். ஐந்தைவிட ஆறு பெரிது, ஆறைவிட ஏழு பெரிது என்று. துறைமுகக் கணக்கில் 5, 6, 7 மூன்றும் ஒரே அளவு ஆபத்து. துறைமுகத்தை இடப்பக்கம் விட்டுப் புயல் போனால் 5, வலப்பக்கம் விட்டுப் போனால் 6, மேலேயோ பக்கத்திலேயோ கடந்தால் 7. எண் சொல்வது திசையை. நம் கரைக்கு அந்தத் திசைதான் உயிர். புயல் மேற்கு நோக்கி வந்து கடக்கிற இடத்துக்கு வடக்கே காற்று கடலிலிருந்து கரைக்கு அடித்துத் தண்ணீரைத் தள்ளும். தெற்கே கரையிலிருந்து கடலுக்கு அடிக்கும். அதனால் 5-ம் எண்ணும் 6-ம் எண்ணும் கடலோரத்தில் இருக்கிறவருக்கு ஒன்றே இல்லை. இத்தனை வருடம் கூண்டு ஏற்றியும் இதை யாரும் கடைத்தெருவில் சொன்னதில்லை. கடைசி எண் 11. வானிலை மையத்தோடு தொடர்பே அறுந்துவிட்டது, மோசமான வானிலை வரும் என்று உள்ளூர் அதிகாரி கருதுகிறார் என்று அர்த்தம். நீ பேசாத ஞாயிற்றுக்கிழமைகளில் எனக்கு 11-ம் எண் ஏறிவிடுகிறது, கதிர்.

உன் விஷயத்துக்கு வருகிறேன். புயல் வரும்போது பத்திரிகையில் "ஒரு மீட்டர் உயரத்துக்கு அலை எழும்பக்கூடும்" என்று போடுவார்கள். அது அலையே இல்லை, உனக்குத் தெரியும். ஓதத்தின் கணக்குக்கு, அதாவது கடல் தினமும் ஏறி இறங்குகிற கணக்குக்கு, மேல் கடல் மட்டமே அந்த அளவு ஏறி நிற்பது. அலை அதற்கு மேலே தனியாக அடிக்கும். தினமும் ஆளுயர அலையைத் தாண்டிப் படகு விடுகிறவர்களிடம் போய் ஒரு மீட்டர் அலை என்றால் அவர்கள் ஏன் எழுந்திருக்க வேண்டும்? பிலிப்பைன்ஸில் 2013 நவம்பர் 8 அன்று ஹையான் புயலில் 6,000 பேருக்கு மேல் இறந்தார்கள். எச்சரிக்கை முன்கூட்டியே போயிருந்தது. இப்படிக் கடல் ஏறுவதைச் சொல்கிற 'ஸ்டார்ம் சர்ஜ்' என்ற சொல் டக்லோபான் ஊர்க்காரர்கள் பலருக்கு விளங்கவில்லை. சுனாமி என்று சொல்லியிருந்தால் ஓடியிருப்போம் என்று பிழைத்தவர்கள் சொன்னார்கள். சொல் தவறவில்லை, அகராதிப்படி சரியான சொல்தான்.

நான் 2011 டிசம்பர் 29 சாயங்காலம் அதையே செய்தேன். அத்தை புதுச்சேரிப் பக்கத்துக் காலாப்பட்டிலிருந்து போன் பண்ணினாள். கடல் எவ்வளவு வரும் அண்ணி என்று கேட்டாள். வானிலை புல்லட்டினில் இருந்ததை அப்படியே படித்தேன், மீட்டரோடு. "அவ்வளவுதானா, இங்க தினமும் அதைவிடப் பெரிசா அடிக்குது" என்று சிரித்தாள். நானும் மேலே பேசவில்லை. 'தானே' புயல் எங்கே கடக்கும் என்று எனக்குத் தெரியும். அவள் வீடு அதற்கு வடக்கே இருப்பது தெரியும். தெருவின் உயரம்கூடத் தோராயமாகத் தெரியும். கூட்டிக் கழித்து "உன் வீட்டுக்குள் தொடை அளவு தண்ணீர் நிற்கும், ஆயாவை இப்போதே கிளப்பு" என்று சொல்ல எனக்கு ஒரு நிமிடம் போதும். சொல்லவில்லை. எண்ணைச் சரியாகச் சொன்னோம், நம் வேலை முடிந்தது என்று இருந்துவிட்டேன். ஆயா படத்துக்கு மாலை மாற்றும்போதுகூட நாம் யாரும் இதைப் பேசுவதில்லை. நீ அப்போது பக்கத்து அறையில் படித்துக்கொண்டிருந்தாய். காதில் விழுந்திருக்கும். நீ ஏன் இந்த ஆராய்ச்சியை எடுத்தாய் என்று நான் ஒருநாளும் கேட்டதில்லை, கேட்கப் பயம்.

அதனால் சொல்கிறேன், உன் கணக்கு இங்கிலீஷில் எத்தனை முறை திரும்பி வந்தாலும் அதைக் கைவிடாதே. சின்ன வாக்கியமாக மாற்றி மறுபடி அனுப்பு. தமிழில் அதை எழுதும்போது மீட்டரை வாசற்படியாக மாற்றி எழுது. கடல் ஏற்றம் 1.2 மீட்டர், அந்த நேரத்து ஓதம் 0.4, தெரு 0.9 உயரத்தில் இருக்கிறது என்றால் தெருவில் 0.7 மீட்டர் நிற்கும், பெரியவருக்குத் தொடை, குழந்தைக்கு மார்பு. மூன்றையும் ஒரே பூஜ்ய மட்டத்திலிருந்து எடு. ஓத அட்டவணையின் பூஜ்யம் தாழ்நீர் மட்டத்தை ஒட்டியது, மேப்பில் இருக்கிற தெரு உயரம் சராசரிக் கடல் மட்டத்திலிருந்து கணக்கிட்டது. இரண்டையும் கலந்தால் நம் கரையிலேயே அரை மீட்டர் பிழை வரும், அரை மீட்டரில் ஒரு குழந்தை முழுகிவிடும்.

தனியாக வைத்துக்கொண்டு உட்காராதே. திரும்பி வந்ததைக் காட்டினால் நான் எதுவும் நினைக்க மாட்டேன். அந்தக் கட்டுரையை எனக்கு அனுப்பு. இங்கிலீஷ் எனக்குப் பாதிதான் வரும், ஆனால் எங்கே எழுவாய் காணோம் என்று கண்டுபிடித்துவிடுவேன்.

போன வாரம் காலாப்பட்டுக்குப் போயிருந்தேன். அத்தையின் பழைய வீட்டில் இப்போது வலை போட்டு வைத்திருக்கிறார்கள். 'தானே' புயல் தண்ணீர் வடிந்த மறுநாள் நான் உள் அறைச் சுவரில் கறை நின்ற இடத்தில் ஆணியால் ஒரு கோடு கீறி வைத்தேன், யாருக்கும் சொல்லவில்லை. மேலே சுண்ணாம்பு அடித்தும் கோடு தெரிகிறது. வெளிச்சுவரில் அலை தெறித்த கறை உயரமாக இருந்தது, அது உனக்கு உதவாது. இது உள்ளே, அசையாமல் நின்ற தண்ணீரின் மட்டம். டேப் வைத்து மூன்று தடவை அளந்தேன். மூன்று தடவையும் தரையிலிருந்து 64 செ.மீ. தெருவிலிருந்து வாசற்படி இரண்டு, ஒவ்வொன்றும் 16. படமும் எடுத்திருக்கிறேன், அக்காவிடம் சொல்லி அனுப்பச் சொல்கிறேன்.

அம்மா